ரோட்கோல் சொதப்பினால்: நீலமான கோஸ் முதல் அடிப்பிடித்த சட்டி வரை

அடுப்பில் இப்போதே சட்டி இருக்கிறது, ஏதோ சரியில்லை என்றால் முன்கதை எதையும் படிக்காமல் உங்கள் கோளாறு எந்தத் தலைப்பில் இருக்கிறதோ அங்கே போய்விடுங்கள். நேரம் இருப்பவர்கள் மட்டும் மேலிருந்து வாருங்கள்.

ரோட்கோல் என்பது சிவப்பு முட்டைக்கோஸை மெல்லிசாக நறுக்கி, ஆப்பிள், வினிகர், சர்க்கரை, கிராம்பு எல்லாம் சேர்த்து மூடி போட்டுச் சிறு தீயில் ஒரு மணி நேரத்துக்கு மேல் வேகவிடும் ஜெர்மன் பக்க உணவு. நவம்பர் 11 அன்று மார்ட்டின் நாள் பெருவாத்து விருந்திலும், கிறிஸ்துமஸுக்கு வாத்து வறுவலோடும், ரைன்லாந்துப் பக்கம் சவர்பிராட்டன் என்ற, வினிகரில் ஊறவைத்துச் சமைக்கும் இறைச்சியோடும் இதுதான் தட்டில் இருக்கும், கூடவே உருளைக்கிழங்கு உருண்டை. பவேரியாவில் கேட்டால் ப்ளாவ்க்ராவ்ட் என்பார்கள், கிழக்கே போனால் ரோட்க்ராவ்ட். செய்முறை ஏறக்குறைய ஒன்றுதான்.

இதில் வருகிற கோளாறுகளில் பாதிக்கு மேல் வினிகரால் வருபவை. எவ்வளவு ஊற்றினோம் என்பதைவிட எப்போது ஊற்றினோம் என்பதுதான் விஷயம். அமிலம் ஒரே நேரத்தில் மூன்று வேலை பார்க்கிறது: நிறத்தைப் பிடித்து வைக்கிறது, கோஸை வேகவிடாமல் தடுக்கிறது, நாக்கில் புளிக்கிறது. முதல் வேலை நமக்கு வேண்டும், இரண்டாவது வேண்டாம், மூன்றாவது அளவோடு வேண்டும். இதை மனதில் வைத்துக்கொண்டால் கீழே இருப்பதில் முக்கால்வாசியை நீங்களே ஊகித்துவிடுவீர்கள்.

ஒப்பிட்டுப் பார்க்க ஓர் அளவு

வெளி இலையும் நடுத்தண்டும் நீக்கிய கோஸ் 1 கிலோ, பெரிய வெங்காயம் 1, புளிப்பான ஆப்பிள் 2, கொழுப்பு 2 மேசைக்கரண்டி, சர்க்கரை 2 மேசைக்கரண்டி, சிவப்பு வைன் வினிகர் 4 மேசைக்கரண்டி, சிவப்பு வைன் அல்லது ஆப்பிள் ஜூஸ் 200 மில்லி, லாரல் இலை 2, கிராம்பு 4, ஜூனிபர் காய் (மசாலாவாகப் போடும் சிறு உலர்ந்த காய்) 5, சுண்டு விரல் நீளத்தில் பட்டை ஒன்று, உப்பு ஒன்றரை தேக்கரண்டி. வெங்காயத்தைக் கொழுப்பில் வதக்கி, சர்க்கரை தூவி, கோஸைப் போட்டு ஐந்து நிமிடம் புரட்டி, பாதி வினிகரை மட்டும் ஊற்றி, அப்புறம் வைனோ ஜூஸோ, மசாலா, ஓர் ஆப்பிள், உப்பு. மூடி, சிறு தீ, 60 முதல் 75 நிமிடம். இரண்டாவது ஆப்பிள் கடைசிக் கால் மணி நேரத்தில். மீதி வினிகரும், ரெட் கரன்ட் என்ற புளிப்பான சிவப்புப் பழத்தின் ஜெல்லி ஒரு கரண்டியும் கடைசியில். உங்கள் செய்முறை இதிலிருந்து எங்கே விலகுகிறது என்று பார்த்தாலே சில சமயம் பதில் கிடைத்துவிடும்.

நீலமாகிவிட்டது, அல்லது சாம்பல் பூத்த ஊதாவாக இருக்கிறது

முதலில் எந்தக் கட்டத்தில் நீலமானது என்று பாருங்கள். கொழுப்பில் வதக்கும்போது, வினிகர் ஊற்றுவதற்கு முன்னால் என்றால் அது கோளாறே இல்லை. கோஸுக்கு நிறம் கொடுக்கும் ஆந்தோசயனின் என்ற நிறமி அமிலத்தில் சிவப்பாகவும், நடுநிலைக்கு அருகில் ஊதாவாகவும், சோடா மாதிரி காரத்தன்மை உள்ள பொருள் பட்டால் நீலமாகவும், இன்னும் ஏறினால் பச்சையாகவும் மாறும். வதங்குகிற கோஸ் நடுநிலையை ஒட்டித்தான் இருக்கும், அதனால் ஊதாவுக்கும் நீலத்துக்கும் நடுவில் நிற்கும். வினிகரை ஊற்றுங்கள், ஒரு நிமிடத்துக்குள் சிவந்துவிடும். ஆனால் அந்த நிலையிலேயே நெடுநேரம் வதக்கிக்கொண்டு நிற்காதீர்கள். நீல நிலையில் நிறமி சீக்கிரம் சிதையும், சிதைந்தது திரும்பாது.

வினிகர் ஊற்றிய பிறகும் நீலம் என்றால் மூன்று இடத்தில் தேடலாம்.

ஒன்று தண்ணீர். வைனுக்குப் பதிலாகக் குழாய்த் தண்ணீர் ஊற்றினீர்களா? ஜெர்மனியில் தண்ணீரின் கடினத்தன்மை ஊருக்கு ஊர் மாறும். அங்கே கடினத்தன்மையை அளக்கும் டிகிரிக் கணக்கில் 14க்கு மேல் போனால் கடின நீர் என்று வகைப்படுத்துகிறார்கள். மியூனிக்கில் வருவது கடின நீர், வூர்ட்ஸ்பூர்க்கில் மிகக் கடினம், கெட்டிலில் வெள்ளைப் படிவு கட்டுகிற ஊர் எல்லாம் இந்த ரகம். அந்தத் தண்ணீரில் கரைந்திருக்கும் பைகார்பனேட் உங்கள் வினிகரில் ஒரு பங்கைத் தின்றுவிடும். கோஸைக் கழுவுவதால் ஒன்றும் ஆகாது. கால் லிட்டர், அரை லிட்டர் என்று ஊற்றி வேகவைத்தால்தான் தெரியும். அடுத்த முறை ஆப்பிள் ஜூஸ் ஊற்றுங்கள், அதிலேயே அமிலம் இருக்கிறது.

இரண்டு பாத்திரம். அலுமினியச் சட்டி, பழக்கப்படுத்தாத இரும்புச் சட்டி இரண்டுமே வேண்டாம். அமிலம் உலோகத்தைக் கரைத்து இழுக்கும், கரைந்த உலோகம் நிறமியோடு சேர்ந்து நீலச்சாம்பல் நிறத்தைக் கொடுக்கும், சாப்பிட்டால் நாக்கில் நாணயம் வைத்தது போல ஓர் உலோகச் சுவையும் ஒட்டும். எவர்சில்வர், அல்லது உள்ளே எனாமல் பூசிய கனமான வார்ப்பிரும்பு. முடிந்தது. அலுமினிய பிரஷர் குக்கரும் இந்தக் கணக்கில்தான் வரும்.

மூன்றாவது, சீக்கிரம் வேகட்டும் என்று யாரோ ஒரு சிட்டிகை ஆப்ப சோடா போட்டிருக்கலாம். ஜெர்மன் கடையில் நாட்ரோன் என்ற பெயரில் விற்பது அதுதான். கொண்டைக்கடலைக்கு அது சரி. இங்கே நிறமும் போய், கோஸும் கூழாகி, சோப்புச் சுவை வரும்.

எப்படிச் சரி செய்வது: ஒரு கரண்டி எடுத்துச் சின்னத் தட்டில் வைத்து நாலு சொட்டு வினிகர் விட்டுக் கிளறுங்கள். சிவந்தால் நிறமி உயிரோடு இருக்கிறது, சட்டியில் ஒவ்வொரு தேக்கரண்டியாக வினிகர் சேர்த்துக் கிளறிக்கொண்டே வாருங்கள், புளிப்பு ஏறினால் சர்க்கரையால் ஈடுகட்டிக்கொள்ளலாம். சிவக்காமல் பழுப்பாகவே இருந்தால் அது போனது போனதுதான், இன்னும் வினிகர் ஊற்றி ருசியையும் கெடுக்க வேண்டாம். வேகவைக்காத சிவப்புக் கோஸ் ஒரு கைப்பிடியை மிக மெல்லிசாக நறுக்கி வினிகரில் பிசைந்து கடைசிப் பத்து நிமிடத்தில் சேர்த்தால் பார்வைக்குக் கொஞ்சம் தேறும். லேசான ஊதாவாக இருந்தால், உண்மையைச் சொன்னால், எதுவுமே செய்ய வேண்டியதில்லை. அப்படியே பரிமாறுகிற வீடுகள் நிறைய.

ஒரு மணி நேரம் ஆகியும் வேகவில்லை

புளி கரைத்து ஊற்றிய பிறகு காய் வேகாது என்று நம் வீடுகளில் சொல்வார்களே, அதே கதை. செடியின் செல்களை ஒட்டி வைத்திருக்கும் பெக்டின் என்ற பொருள் மிதமான அமிலத்தில்தான் கெட்டியாக நிற்கும், அமிலம் குறைந்தால் கரையத் தொடங்கும். எடுத்த எடுப்பிலேயே வினிகர் முழுவதையும், கூடவே வைனையும் கொட்டிவிட்டால் கோஸ் ஒன்றரை மணி நேரம் ஆனாலும் ரப்பர் மாதிரி கடிபடும். சர்க்கரை அதிகமானாலும் வேகும் வேகம் குறையும். கடின நீரில் இருக்கும் கால்சியமும் பெக்டினை இறுக்கும். ஆகவே ஒரே தண்ணீர் நிறத்தையும் கெடுத்து, வேகவும் விடாமல் செய்யலாம்.

அதனால்தான் வினிகரை இரண்டு தவணையாக ஊற்றச் சொல்கிறேன். முதல் பாதி நிறத்துக்கு, இரண்டாம் பாதி ருசிக்கு. முதலிலேயே எதுவும் ஊற்றாமல் கடைசியில் மொத்தமாக ஊற்றலாமே என்றால், கோஸ் நன்றாக மெத்தென்று வேகும், ஆனால் நிறம் அதற்குள் மங்கிவிடும். நடுவழிதான் நல்லது.

ஏற்கனவே ஊற்றியாகிவிட்டது என்றால்? அரை கப் கொதிக்கும் ஆப்பிள் ஜூஸோ ஸ்டாக்கோ (காய் அல்லது எலும்பு வேகவைத்த சாறு) சேர்த்து அமிலத்தைக் கொஞ்சம் நீர்க்கச் செய்து, மூடியை இறுக்கமாகப் போட்டு, தீயை ஒரு படி ஏற்றி இன்னும் 20 நிமிடம் விடுங்கள். உள்ளே சின்னச் சின்னக் குமிழி வந்துகொண்டே இருக்க வேண்டும். சிறு தீ என்பதைச் சிலர் வெறும் சூடாக வைத்திருப்பது என்று எடுத்துக்கொள்கிறார்கள், 80 டிகிரியில் கோஸ் வேகாது. அப்புறம் மூடியைத் திறந்து திறந்து பார்க்கிற பழக்கம், அதை விட்டுவிடுங்கள்.

நறுக்கியதும் ஒரு காரணம். 2, 3 மில்லிமீட்டர் தடிமன் இருக்க வேண்டும். அதற்கு மேல் போனால் நேரமும் அதற்கேற்ப நீளும். நடுத்தண்டையும் தடித்த நரம்புகளையும் வெட்டி எறியாமல் விட்டிருந்தால் அவை மட்டும் தனியாக நறநறக்கும்.

காலமும் பாருங்கள். ஜெர்மனியின் பெரிய கோஸ் வட்டாரமான டித்மார்ஷன், வட கடலோரம் ஷ்லெஸ்விக்-ஹோல்ஸ்டைன் மாநிலத்தில் இருக்கிறது. அங்கே இலையுதிர் காலத்தில் அறுக்கிற சேமிப்பு ரகக் கோஸ் கிடங்கில் இருந்து வசந்தம் வரைக்கும் கடைக்கு வரும். மார்ச்சில் வாங்குகிற கோஸ் கல்லு மாதிரி இருக்கும். அதற்கு 20 நிமிடம் கூடவே கொடுக்க வேண்டும். நறுக்கிய கையோடு உப்பு போட்டு நன்றாகப் பிசைந்து அரை மணி நேரம் ஊறவிட்டால் இந்த ரகமும் வழிக்கு வரும். முந்தின நாள் இரவே உப்பு, சர்க்கரை, கொஞ்சம் வினிகர் போட்டுப் பிசைந்து வைத்துவிடும் வீடுகளும் உண்டு. ருசி உள்ளே இறங்குவதற்கு அது நல்ல வழி.

புளிப்பு தாங்க முடியவில்லை

பாட்டிலைத் திருப்பி லேபிளைப் பாருங்கள். சாதாரண வினிகர் 5, 6 சதவீதம். எசிக்எசென்ஸ் என்ற பெயரில் அதே அலமாரியில் நிற்கும் பாட்டில் 25 சதவீதம், சமையலுக்கு ஒரு பங்குக்கு நாலு பங்கு தண்ணீர் கலந்த பிறகுதான் அது வினிகர். கெட்டில் படிவு நீக்கவும் அதையே பயன்படுத்துகிறார்கள். ஜெர்மனிக்குப் புதிதாக வந்து, விலை மலிவாக இருக்கிறதே என்று எடுத்து 4 மேசைக்கரண்டி ஊற்றினால் அது 16 முதல் 20 மேசைக்கரண்டி வினிகருக்குச் சமம். அப்படி நடந்திருந்தால் சட்டியில் இருக்கும் சாற்றை முழுக்க வடித்துக் கொட்டிவிட்டு, கோஸை ஒரு தடவை வெந்நீரில் அலசி, புது ஜூஸ், புது சர்க்கரை, புது மசாலாவோடு திரும்பத் தொடங்குங்கள். வேறு வழி இல்லை.

சாதாரணமாக ஒரு கை கூடிப்போன புளிப்பு என்றால் வரிசையாக இவற்றைச் செய்து பாருங்கள், ஒவ்வொன்றுக்கும் பிறகு ருசி பார்த்துவிட்டு: ஒரு சிட்டிகை உப்பு, ஒரு மேசைக்கரண்டி வெண்ணெய், துருவிய இனிப்பு ஆப்பிள், கடைசியாகத்தான் சர்க்கரை. கொழுப்பு சேர்ந்ததும் புளிப்பின் முனை மழுங்கிவிடும், பலரும் இதை விட்டுவிட்டு நேராகச் சர்க்கரை டப்பாவுக்குப் போய், கடைசியில் புளிக்கிற ஜாம் ஒன்றைச் செய்து வைக்கிறார்கள். சோடா போட்டுப் புளிப்பை முறிக்கும் யோசனை வந்தால் மேலே நீலம் பற்றிய பகுதியைத் திரும்பப் படியுங்கள்.

ஜாம் மாதிரி இனிக்கிறது

ஜெல்லியும் சர்க்கரையும் இனிப்பு ஆப்பிளும் இனிப்பு ஜூஸும் எல்லாம் ஒன்றாகப் போனால் இப்படித்தான் ஆகும். வினிகர் ஒரு தேக்கரண்டி, உப்பு, மிளகு கொஞ்சம் தாராளமாக. ரெட் கரன்ட் ஜெல்லிக்குப் பதிலாக ப்ரைசல்பேரன் (லிங்கன்பெரி என்ற சிறு சிவப்புப் பழம்) ஜாம் போட்டால் லேசான கசப்பும் சேர்ந்து சமநிலை வரும், எனக்கு அதுதான் பிடிக்கும்.

நிறம் அழகு, வெந்துவிட்டது, ருசி மட்டும் எதுவும் இல்லை

உப்பு. பத்தில் எட்டு பேருக்கு, சும்மா ஒரு பேச்சுக்குச் சொல்கிறேன், உப்புதான் குறைவு. இனிப்பும் புளிப்பும் இருக்கிற பண்டத்தில் உப்பு குறைந்தால் "உப்பில்லை" என்று நாக்கு சொல்லாது, "ஏதோ குறைகிறது" என்றுதான் சொல்லும்.

அடுத்து கொழுப்பு. பழைய முறையில் இது பெருவாத்துக் கொழுப்பிலோ பன்றிக் கொழுப்பிலோ செய்வது. ஒரு கரண்டி சூரியகாந்தி எண்ணெயில் செய்தால் ருசி ஒல்லியாகத்தான் வரும். சைவமாக வேண்டும் என்றால் புட்டர்ஷ்மால்ட்ஸ் வாங்குங்கள், அது கிட்டத்தட்ட நம் நெய்யேதான், வீட்டில் நெய் இருந்தால் அதுவே போதும். வாத்து வறுக்கிற அன்றைக்கு வடிகிற கொழுப்பில் ஒரு கரண்டி எடுத்துக் கடைசியில் சட்டியில் விட்டால் வேறு எதுவும் தேவைப்படாது.

மூன்றாவது காரணம், அன்றே செய்து அன்றே சாப்பிடுவது. அடுப்பிலிருந்து இறக்கியதும் புளிப்பு ஒரு பக்கம், கிராம்பு ஒரு பக்கம், கோஸ் ஒரு பக்கம் என்று தனித்தனியாக நிற்கும். ஓர் இரவு ஃபிரிட்ஜில் இருந்தால் கூடிவரும். விருந்துக்கு முந்தின நாளே செய்து வையுங்கள், விருந்து நாளில் அடுப்பும் ஒன்று காலியாகக் கிடைக்கும்.

கிராம்பு மட்டும்தான் தெரிகிறது

பொடித்த கிராம்பு போட்டிருப்பீர்கள். அதைத் திரும்ப எடுக்க முடியாது, இன்னொரு அரைக் கோஸை மசாலா இல்லாமல் தனியே வேகவைத்துக் கலப்பதுதான் ஒரே வழி. முழுக் கிராம்பு என்றால் உடனே பொறுக்கி எடுத்துவிடுங்கள். அடுத்த முறை தேடிக்கொண்டு இருக்காமல், ஒரு சின்ன வெங்காயத்தைத் தோலுரித்து அதன்மேல் லாரல் இலையை வைத்துக் கிராம்பையே ஆணி மாதிரி குத்தி சட்டியில் போடுங்கள், வெந்ததும் வெங்காயத்தோடு தூக்கி எறியலாம். ஜெர்மன் சமையலறையில் வெகு சாதாரணமான வேலை இது. ஜூனிபர் காயை டீ வடிகட்டி உருண்டையில் அடைத்துப் போட்டால் யார் வாயிலும் கசப்பாக மாட்டாது.

நம் ஊரில் இருந்து செய்பவர்களுக்கு: லாரல் இலைக்குப் பதில் பிரிஞ்சி இலை போடாதீர்கள், அது வேறு மரம், பட்டை வாசம் அடிக்கும். ஏற்கனவே பட்டையும் கிராம்பும் இருக்கிற சட்டியில் அதையும் போட்டால் குஸ்கா வாசம் வந்து நிற்கும். இலையே இல்லாமல் செய்வது மேல். ஜூனிபர் கிடைக்காவிட்டால் நாலு மிளகைத் தட்டிப் போடுங்கள்.

தண்ணீராக ஓடுகிறது

மூடியைத் திறந்து தீயை ஏற்றிப் பத்து நிமிடம். அதற்கும் மசியாவிட்டால் ஒரு தேக்கரண்டி உருளைக்கிழங்கு ஸ்டார்ச்சைக் குளிர்ந்த தண்ணீரில் கரைத்து ஊற்றி ஒரு கொதி. சின்ன உருளைக்கிழங்கு ஒன்றைப் பச்சையாகத் துருவிப் போட்டுப் பத்து நிமிடம் வேகவிடுவது இன்னொரு வழி, எனக்கு இதுதான் ஸ்டார்ச்சைவிடப் பிடிக்கும், பசை மாதிரி மின்னாது. தட்டில் சாறு ஓடி உருண்டையையும் குழம்பையும் சிவப்பாக்கினால் பெரிய குற்றமில்லை, ஆனால் கோஸைப் பரிமாறும்போது துளைக் கரண்டியால் எடுங்கள்.

அடிபிடித்துவிட்டது

கிளறாதீர்கள். சுரண்டாதீர்கள். மேலே இருப்பதை மட்டும் வேறு சட்டிக்கு மாற்றி, அதில் ஒரு வாய் ருசி பாருங்கள். தீய்ந்த வாசம் ஏறவில்லை என்றால் புது ஜூஸ் ஊற்றித் தொடரலாம். ஏறியிருந்தால் கிராம்பையும் பட்டையையும் இன்னும் போட்டு மறைக்கலாம் என்று நினைக்காதீர்கள், மறையாது. ஜெல்லியை ஆரம்பத்திலேயே போட்டதால்தான் பெரும்பாலும் இது நடக்கிறது.

குழைந்துபோனது

கத்திக்குப் பதில் மிக்சியில் நறுக்கினால், அல்லது பிரஷர் குக்கரில் விசில் கணக்கு தவறினால் இந்தக் கதி. எவர்சில்வர் குக்கரில் செய்யலாம், ஆனால் ஆவி ஏறிய பிறகு பத்து நிமிடத்துக்குள் நிறுத்துங்கள். குழைந்ததைத் திருப்ப முடியாது. வறுத்த வால்நட்டோ, பச்சை ஆப்பிள் துண்டுகளோ மேலே போட்டால் கடிக்க ஏதாவது இருக்கும். மிச்சத்தை ஸ்டாக் ஊற்றி அரைத்தால் நல்ல சூப்.

ஆப்பிள் காணாமல் போய்விட்டது

அது காணாமல் போகத்தான் போட்டது. 1856 இல் நெதர்லாந்தின் போஸ்கூப் ஊரில் கண்டெடுத்த போஸ்கூப் ரகத்தைத்தான் ஜெர்மன்காரர்கள் இதற்குத் தேடி வாங்குகிறார்கள், புளிப்பும் உண்டு, வெந்ததும் கரைந்து சாற்றைக் கெட்டியாக்கும். துண்டாகவும் தெரிய வேண்டும் என்றால் முதல் ஆப்பிளை ஆரம்பத்திலும், இரண்டாவதைக் கடைசிக் கால் மணி நேரத்திலும் போடுங்கள். க்ரானி ஸ்மித் கிடைத்தால் இரண்டாவதுக்கு அது பொருத்தம்.

கோஸ் நாற்றம், கசப்பு

கோஸை நெடுநேரம் வேகவைத்தால் அதிலிருக்கும் கந்தகச் சேர்மங்கள் உடைந்து அந்த ஹாஸ்டல் வாசம் வரும், கொஞ்சம் வருவது இயல்பு. கடைசி ஐந்து நிமிடம் மூடியைத் திறந்து வைத்தால் போகும். கசப்புக்கு நடுத்தண்டு, கடித்த ஜூனிபர், தீய்ந்த சர்க்கரை என்று மூன்றில் ஒன்று காரணமாக இருக்கும். சர்க்கரையை வெங்காயத்தோடு பொன்னிறம் வரைக்கும்தான் விடலாம், பழுப்பாகிப் புகை வந்தால் கொட்டிவிட்டு மறுபடி தொடங்குவது நல்லது, அந்தக் கட்டத்தில் நஷ்டம் ஒரு வெங்காயம் மட்டும்தானே.

மறுநாள் சூடு செய்தால் வறண்டு போகிறது, மங்கலாகிறது

அரை கப் ஆப்பிள் ஜூஸ் ஊற்றி, மூடி போட்டு, சிறு தீ. சூடானதும் அரை தேக்கரண்டி வினிகர் விட்டால் நிறம் திரும்ப எழும். ஃபிரிட்ஜில் மூன்று, நாலு நாள் தாங்கும், ஃப்ரீசரில் மாதக்கணக்கில் இருக்கும், கரைந்த பிறகு கொஞ்சம் மெத்தென்று ஆவதைத் தவிர வேறு குறை வராது. அலுமினியத் தாளால் மூடி வைக்காதீர்கள், சாறு தொட்ட இடத்தில் தாள் ஓட்டை விழும். கண்ணாடி டப்பா போதும்.

கடையில் ஜாடியில் வருவதை வாங்கிச் சூடு செய்பவர்களுக்கும் இதேதான், கூடவே வதக்கிய வெங்காயம், ஒரு துருவிய ஆப்பிள், ஒரு கரண்டி கொழுப்பு போட்டு 20 நிமிடம் விடுங்கள், ஜாடி என்று யாருக்கும் தெரியாது.

கையெல்லாம் ஊதா

எலுமிச்சைத் தோலால் தேய்த்துக் கழுவுங்கள், அதற்கு முன்னால் சோப்பு போட்டால் நீலமாகி இன்னும் பயமுறுத்தும். மரப்பலகைக்கும் அதே எலுமிச்சை, கூட ஒரு பிடி கல்லுப்பு. வெள்ளைச் சட்டையில் பட்டிருந்தால் காய்வதற்குள் வினிகர் கலந்த தண்ணீரில் நனைத்து அலசிவிட்டு, அப்புறம் துவைக்கப் போடுங்கள்.